கண்ணை மூடினால் மனசு இன்னும் சத்தம் போடுகிறதே!

கேள்வி: மேடம், எனக்கு வயது 29. கோபமோ அழுகையோ பயமோ, எது வந்தாலும் எனக்கு அளவோடு வராது. கணவர் போனை எடுக்கவில்லை என்றால் பத்தே நிமிடத்தில் முப்பது மெசேஜ் அனுப்பிவிடுவேன். அதில் பாதி திட்டு, மீதி மன்னிப்பு. என்னை நானே காயப்படுத்திக்கொண்ட காலமும் உண்டு. ஒரு வருடமாக அது இல்லை. மனநல மருத்துவர் இதை 'பார்டர்லைன் பெர்சனாலிட்டி டிஸார்டர்' என்று சொல்லி, டி.பி.டி. ('டயலெக்டிக்கல் பிஹேவியர் தெரபி') சிகிச்சைக்கு அனுப்பினார். ஏழு வாரமாகப் போகிறேன். ஒவ்வொரு வகுப்பும் மைண்ட்ஃபுல்னெஸ் பயிற்சியோடுதான் ஆரம்பிக்கிறது. மூச்சைக் கவனிக்கச் சொல்கிறார்கள். கண்ணை மூடினால் என் மனசு இன்னும் சத்தம் போடுகிறது. பழைய காட்சிகள் வந்து நெஞ்சு படபடக்கிறது. 'இது தியானம்தானே, வீடியோ பார்த்து வீட்டிலேயே செய்யலாமே' என்கிறார் அண்ணன். என்னைப் போன்ற ஒரு பைத்தியத்துக்கு மூச்சுப் பயிற்சி என்ன செய்துவிடும்? இந்தப் பகுதியை மட்டும் விட்டுவிட்டு மற்றதைக் கற்றுக்கொள்ளலாமா?

பதில்:

அன்புள்ள வாசகிக்கு,

விட்டுவிடாதீர்கள். ஆனால் இப்போது செய்கிற விதத்தை மாற்றிக்கொள்ளுங்கள். ஏன் என்பதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். உங்களுக்கு இருக்கும் இந்தக் குழப்பம் வகுப்பில் உங்களோடு உட்கார்ந்திருக்கிற பலருக்கும் இருக்கும். வாய்விட்டுக் கேட்டவர் நீங்கள்.

மனசு அமைதியாகவில்லை என்பதுதான் உங்கள் முதல் குறை. டி.பி.டி.யில் இந்தப் பயிற்சியை வைத்திருப்பது அமைதிக்காக இல்லை. அமைதி சில நாள் கூடவே வரும், பல நாள் வராது. இந்தப் பயிற்சியின் வேலை வேறு. உள்ளே நடப்பதை, அது நடந்துகொண்டிருக்கும்போதே பார்க்கப் பழக்குவது. ஓடிக்கொண்டிருந்த மின்விசிறியை நிறுத்தியதும் கடிகாரத்தின் டிக் டிக் கேட்க ஆரம்பிக்கிறதே, கடிகாரம் அப்போதுதான் ஓடத் தொடங்கியதா? உங்கள் மனசின் சத்தமும் புதிதாக வந்ததில்லை. முன்பே இருந்தது, இப்போது காதில் விழுகிறது. ஏழாவது வாரத்தில் அது விழுவது நல்ல அறிகுறி என்றே நான் எடுத்துக்கொள்வேன். நெஞ்சு படபடப்பது வேறு விஷயம், அதற்குப் பிறகு வருகிறேன்.

முதலில் அந்த முப்பது மெசேஜை எடுத்துக்கொள்வோம். போன் அடித்து அடித்து ஓய்கிறது. தொண்டையில் ஏதோ அடைக்கிறது. 'வேண்டுமென்றேதான் எடுக்கவில்லை' என்று ஒரு எண்ணம். அதன் வாலைப் பிடித்துக்கொண்டு 'நான் இவருக்குப் பாரம்' என்று இன்னொன்று. எப்போதோ யாரோ உங்களை விட்டுப் போன ஒரு நாள் நினைவுக்கு வருகிறது. காது மடல் சூடாகிறது. கட்டைவிரல் தட்டச்சு செய்யத் தொடங்குகிறது. இத்தனையும் ஒரு நிமிடத்துக்குள் முடிந்திருக்கும். உங்களுக்கு நினைவில் நிற்பதோ முதல் கண்ணியும் கடைசிக் கண்ணியும் மட்டும்: அவர் எடுக்கவில்லை, நான் கொட்டித் தீர்த்தேன். நடுவில் இருந்த கண்ணிகள் எல்லாம் இருட்டில் நடந்து முடிந்துவிட்டன.

உங்கள் தனி அமர்வுகளில் தெரபிஸ்ட் இந்தச் சங்கிலியைக் கண்ணி கண்ணியாகக் கேட்டு எழுதச் சொல்லியிருப்பார். 'தெரியவில்லை, கோபம் வந்தது, அவ்வளவுதான்' என்று நீங்கள் பதில் சொல்லியிருக்கவும் கூடும். அது பொய்யில்லை, உண்மையிலேயே தெரிந்திருக்காது. பார்த்தால்தானே தெரியும்? அந்தப் பார்வையைத்தான் வகுப்பின் ஆரம்பத்தில் பழக்குகிறார்கள். தொண்டை அடைக்கும்போதே 'தொண்டை அடைக்கிறது' என்று தெரிந்துகொண்ட ஒருவருக்கு, கட்டைவிரல் ஓடுவதற்கு முன்னால் கொஞ்சம் அவகாசம் கிடைக்கிறது. மற்ற பயிற்சிகள் எல்லாம் அந்த அவகாசத்துக்குள்தான் நுழைய முடியும். உணர்ச்சியைக் கையாளும் திறன், நெருக்கடியைத் தாங்கும் திறன், உறவில் பேசும் திறன் என்று மூன்று பகுதிகள் உங்களுக்குக் காத்திருக்கின்றன. எது வந்திருக்கிறது என்று தெரியாமல் எதைக் கையாள்வது? நீங்கள் விட்டுவிடலாமா என்று கேட்பது வாசற்படியை.

இந்தச் சிகிச்சைக்குள் இது எப்படி வந்தது என்பதும் உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். உங்களைப் போன்ற ஒருவரிடமிருந்துதான் வந்தது. டி.பி.டி.யை உருவாக்கியவர் மார்ஷா லினஹன், அமெரிக்க உளவியலாளர், சியாட்டிலில் உள்ள வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்தவர். 1961இல், பதினேழு வயதில், ஒரு மனநல மருத்துவமனையில் சேர்க்கப்பட்டு, தன்னைத் தானே காயப்படுத்திக்கொள்ளும் நிலையில் இரண்டு வருடத்துக்கும் மேல் உள்ளே இருந்தார். ஐம்பது வருடம் கழித்து, 2011இல், அதே மருத்துவமனையில் நின்று அதை வெளிப்படையாகச் சொன்னார். அவர் சிகிச்சை அளிக்கத் தொடங்கியபோது, வாழ்வே வேண்டாம் என்ற நிலையில் வந்த பெண்களிடம் 'இதை மாற்று, அதை மாற்று' என்று அன்றைய நடத்தைச் சிகிச்சையைத்தான் முயன்றார். 'என் வலி உங்களுக்குப் புரியவில்லை' என்று அவர்கள் நொந்துபோனார்கள். சரி, ஏற்றுக்கொள்வோம் என்று மறுபக்கம் போனால், 'அப்படியானால் நான் இப்படியே கிடக்க வேண்டியதுதானா' என்று உடைந்தார்கள். இரண்டையும் ஒன்றாகப் பிடித்துக்கொள்வது எப்படி என்ற தேடல்தான் பெயரில் இருக்கும் 'டயலெக்டிக்கல்'. தமிழில் இயங்கியல் என்போம். அந்தச் சொல்லை அரசியல் மேடைகளில் கேட்டிருப்பீர்கள், இங்கே பொருள் எளிது: நீங்கள் இப்போது இருக்கிறபடியே ஏற்கத் தக்கவர், நீங்கள் மாறவும் வேண்டும். இரண்டும் ஒரே நேரத்தில் உண்மை.

மாற்றத்துக்கு அவரிடம் முறைகள் இருந்தன. ஏற்பதற்கு இல்லை. அதைத் தேடித்தான் கலிபோர்னியாவில் ஒரு ஜென் மடத்திலும், பிறகு ஜெர்மனியில் வில்லிகிஸ் யேகர் என்ற பெனடிக்டின் துறவியிடமும் போய்ப் பயின்றார். திரும்பி வந்து தன்னிடம் வந்தவர்களை உட்காரவைத்துத் தியானம் செய்யச் சொல்லிப் பார்த்தார். அவர்களால் முடியவில்லை. சிலருக்கு விருப்பமில்லை, சிலருக்குப் பயம். உங்களுக்கு நடக்கிறதே, அதேதான். அவர் அவர்களைக் குறை சொல்லவில்லை. தியானம் செய்யும் ஒருவர் உள்ளே என்னென்ன செய்கிறார் என்று பார்த்து, அதைத் துண்டு துண்டாகப் பிரித்து, சைக்கிள் ஓட்டக் கற்பதுபோல ஒவ்வொன்றாகப் பழகக்கூடிய திறன்களாக ஆக்கினார். மதம் சார்ந்த எதையும் அதில் வைக்கவில்லை. இந்தச் சிகிச்சை பலன் தருகிறது என்று காட்டிய முதல் ஆய்வு 1991இல் வெளிவந்தது, சிகிச்சை நூல் 1993இல். அன்றிலிருந்து இன்று வரை மைண்ட்ஃபுல்னெஸ்தான் அதன் மையத் திறன். மற்ற மூன்று பகுதிகளில் எதைத் தொடங்கினாலும் அதற்கு முன்னால் இதைத் திரும்பவும் சொல்லித்தருவதுதான் வழக்கமான பாடத்திட்டம். 'படித்ததையே படிக்கிறோமே' என்று நீங்கள் அலுத்துக்கொள்ளும் நாள் வரும். அது மறதியால் இல்லை, திட்டமிட்டே அப்படி வைத்திருக்கிறார்கள்.

ஆக, உங்கள் அண்ணனுக்குப் பதில்: தியானத்திலிருந்து பிறந்ததுதான், ஆனால் வீடியோ பார்த்துச் செய்கிற தியானத்துக்கு இது மாற்று இல்லை, அதுவும் இதற்கு மாற்று இல்லை. டி.பி.டி. என்பது வாரம் ஒரு தனி அமர்வு, வாரம் ஒரு குழு வகுப்பு, நடுவில் தேவைப்பட்டால் தெரபிஸ்டைத் தொலைபேசியில் அழைத்து உதவி கேட்கும் வசதி, சிகிச்சை தருபவர்களுக்கே ஒரு ஆலோசனைக் குழு என்று நான்கு கால்களில் நிற்பது. வீட்டில் தனியாக உட்கார்ந்து பழைய காட்சிகள் கிளம்பினால் உங்கள் கையைப் பிடிக்க அந்த வீடியோவில் ஆள் இல்லை. அண்ணன் அக்கறையில்தான் சொல்கிறார். அதை அவரிடம் சொல்லிவிட்டே இதையும் சொல்லுங்கள்.

வகுப்பில் மூன்று மனங்கள் என்று ஒரு படம் போட்டிருப்பார்கள். உணர்ச்சி மனம், தர்க்க மனம், இரண்டும் சந்திக்கிற இடத்தில் தெளிந்த மனம். உணர்ச்சி மனத்தில் இருக்கும்போது, அவர் கூட்டத்தில் இருக்கலாம் என்ற நினைப்பே வராது. தர்க்க மனம் 'கூட்டத்தில் இருப்பார், இதற்குப் போய் யாராவது அழுவார்களா' என்று சொல்லும். அது சொல்வது சரியாக இருந்தாலும் ஈரம் இருக்காது, அதனால்தான் அது உங்களிடம் எடுபடுவதும் இல்லை. தெளிந்த மனம் 'எனக்குப் பயமாக இருக்கிறது, அவர் கூட்டத்திலும் இருக்கலாம், ஆறு மணிக்குப் பேசுவோம்' என்று சொல்லும். இந்த இடம் எல்லோருக்குள்ளும் உண்டு என்பது லினஹனின் நம்பிக்கை, என் அனுபவமும் அதுதான். 'ஆத்திரக்காரனுக்குப் புத்தி மட்டு' என்ற பழமொழி உணர்ச்சி மனத்தைச் சரியாகவே படம் பிடிக்கிறது. ஆனால் அதைக் கேட்டே வளர்ந்தவர்களுக்கு 'ஆத்திரம் வரும் நேரத்தில்' என்பது மறந்துபோய், 'எனக்குப் புத்தியே மட்டு' என்று பதிந்துவிடுகிறது. சின்ன வயதில் 'இதற்கெல்லாம் ஏன் அழுகிறாய்' என்று திரும்பத் திரும்பக் கேட்ட குழந்தை, தன் உணர்ச்சியை நம்பக் கூடாது என்று கற்றுக்கொள்கிறது. பெரியவளான பிறகு அந்த உணர்ச்சிக்குப் பெயர்கூட வைக்கத் தெரிவதில்லை.

அதனால்தான் பெயர் வைப்பது தனிப் பயிற்சியாகவே இருக்கிறது. கவனித்தல், விவரித்தல், ஈடுபடுதல் என்று மூன்று. முதல் இரண்டுதான் உங்களுக்கு இப்போது முக்கியம்.

நான் வகுப்பு எடுக்கும்போது முதல் நாள் மூச்சைத் தொடுவதே இல்லை. ஆளுக்கொரு சாவியைக் கையில் கொடுப்பேன். கண் திறந்தே இருக்கலாம். இரண்டு நிமிடம் பார்த்துவிட்டு, தொட்டுவிட்டு, என்ன இருக்கிறது என்று சொல்ல வேண்டும். ஒருமுறை ஒரு பெண் சாவியைத் திருப்பிக்கூடப் பார்க்காமல் 'அசிங்கமான பழைய சாவி' என்றார். 'அசிங்கம் சாவியில் எந்தப் பக்கம் இருக்கிறது?' என்று கேட்டேன். முறைத்தார். பிறகு சன்னல் பக்கம் தூக்கிப் பிடித்துப் பார்த்தார். 'வளையம் இருக்கிற இடத்தில் துரு. மூன்று பல். நடுப்பல் மழுங்கியிருக்கிறது. கையில் வைத்திருந்ததில் சூடாகிவிட்டது.' அவ்வளவுதான் அன்றைய பாடம். சில வாரம் கழித்து அவருடைய டைரி கார்டைப் பார்த்தேன், அன்றாட உணர்ச்சிகளையும் செயல்களையும் குறித்துவைக்கும் அட்டை அது. முன்பெல்லாம் 'நான் கேவலமானவள்' என்று எழுதிவந்த கட்டத்தில் 'அம்மாவிடம் கத்தினேன். பிறகு அறைக்குள் போய் அழுதேன். வெட்கம், 5க்கு 4' என்று இருந்தது. கத்தியது கத்தியதுதான், அதை அவர் மறைக்கவில்லை. ஆனால் இந்த வாக்கியத்தை வைத்துக்கொண்டு எங்களால் வேலை செய்ய முடிந்தது. 'கேவலமானவள்' என்பதை வைத்துக்கொண்டு என்ன செய்திருக்க முடியும்?

உங்கள் கடிதத்திலும் 'என்னைப் போன்ற ஒரு பைத்தியத்துக்கு' என்று எழுதியிருக்கிறீர்கள். அந்தச் சொல் வந்த இடத்தில் நான் கொஞ்ச நேரம் நின்றுவிட்டேன். அது தீர்ப்பு. நடந்ததைச் சொன்னால்: 'பயம் வந்தால் எனக்கு வேகமாக வருகிறது, இறங்க நேரம் ஆகிறது, அந்த நேரத்தில் மெசேஜ் அனுப்புகிறேன்.' இதில் ஆறுதல் வார்த்தை எதுவும் இல்லை, உங்களுக்கு நான் சலுகை காட்டவும் இல்லை. வெறும் தகவல். தீர்ப்பு போட்டதும் கோபத்தின் மேல் வெட்கம் ஏறும், வெட்கத்தின் மேல் இன்னொரு கோபம் ஏறும். அந்த முப்பது மெசேஜில் திட்டு பாதி, மன்னிப்பு மீதி என்று நீங்களே சொன்னீர்களே, அந்த மன்னிப்புகள் அங்கிருந்துதான் வருகின்றன.

ஆனால் ஒன்று: தீர்ப்பு சொல்லாதே என்று கற்றதும் 'ஐயோ, மறுபடியும் தீர்ப்பு சொல்லிவிட்டேனே' என்று அதற்கும் தன்னைத் திட்டிக்கொள்பவர்கள் நிறைய. 'ஒரு தீர்ப்பு வந்தது' என்று மட்டும் பார்த்துவிட்டு நகருங்கள்.

'எண்ணம் வருகிறது' என்ற இந்த இரண்டு சொல்லை நான் எல்லோருக்கும் பரிந்துரைப்பேன். 'அவர் என்னை விட்டுப் போய்விடுவார்' என்பது ஒரு செய்தி மாதிரி இருக்கிறது, நம்பத்தான் தோன்றும். 'அவர் என்னை விட்டுப் போய்விடுவார் என்ற எண்ணம் வருகிறது' என்று சொல்லிப் பாருங்கள். எண்ணம் அதேதான். ஆனால் நீங்கள் அதற்குள் இல்லை, அதற்குப் பக்கத்தில் நிற்கிறீர்கள். போன் எடுக்காத நேரத்தில் ஒரு தாளில் எழுதிப் பார்க்கலாம்: 'மூன்று முறை அழைத்தேன். எடுக்கவில்லை. தொண்டை அடைக்கிறது. விட்டுப் போய்விடுவார் என்ற எண்ணம் வருகிறது. மெசேஜ் அனுப்பத் தோன்றுகிறது.' 'என்னை மதிக்கவில்லை' என்பது இந்தப் பட்டியலில் வராது, கவனியுங்கள். அது உங்கள் கண்ணால் பார்த்ததில்லை.

இனி படபடப்பு. பழைய காட்சிகள் வந்து நெஞ்சு அடித்துக்கொள்ளும்போது கண்ணை மூடி மூச்சிலேயே நின்று தாக்குப்பிடிக்க வேண்டும் என்று எந்த விதியும் இல்லை. மனக்காயம் உள்ளவர்களுக்கு மூச்சும் நெஞ்சும் சில சமயம் பயத்தின் கிடங்காகவே இருக்கும். கண்ணைத் திறந்துகொள்ளுங்கள். பாதம் தரையில் படுவதை உணருங்கள். சாவி, பேனா, நாற்காலியின் கைப்பிடி என்று வெளியே உள்ள ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். அறையில் கேட்கும் சத்தங்களை ஒவ்வொன்றாக எண்ணுங்கள். இரண்டு நிமிடம் போதும். இதுவும் முழுமையான மைண்ட்ஃபுல்னெஸ்தான், குறைந்த தரம் என்று நினைக்க வேண்டாம். நடப்பதை உங்கள் தெரபிஸ்டிடம் அப்படியே சொல்லுங்கள். ஏழு வாரமாகச் சொல்லாமல் பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறீர்கள் என்று எனக்குத் தோன்றுகிறது. சொன்னால் உங்களுக்கேற்ற பயிற்சிக்கு மாற்றித்தருவார். எந்தக் காட்சி வருகிறது என்று வகுப்பில் எல்லோர் முன்னாலும் விவரிக்க வேண்டாம். அது தனி அமர்வுக்கு.

இன்னொரு எல்லையும் சொல்ல வேண்டும். உணர்ச்சி உச்சத்தில் இருக்கும்போது, பழகத் தொடங்கியிருக்கும் ஒருவரால் கவனித்துக்கொண்டு இருக்க முடியாது. அப்போது கவனித்தல் கைகொடுக்கவில்லை என்று அதைத் தூக்கிப் போடக் கூடாது. அந்த நேரத்துக்கென்று நெருக்கடியைத் தாங்கும் பகுதியில் வேறு வழிகள் வரும்: குளிர்ந்த நீரில் முகத்தை நனைப்பது, வேகமாக உடலை அசைப்பது, மூச்சை உள்ளிழுப்பதைவிட வெளிவிடுவதை நீளமாக்குவது. இதய நோய் இருந்தாலோ, உண்பது தொடர்பான கோளாறு இருந்தாலோ குளிர்ந்த நீர் முறைக்கு முன் மருத்துவரைக் கேட்க வேண்டும். உடம்பு கொஞ்சம் இறங்கிய பிறகு மறுபடி கவனிக்கலாம். ஆனால் 'நான் இப்போது உச்சத்தில் இருக்கிறேன், இது தண்ணீரைத் தேட வேண்டிய நேரம்' என்று தெரிவதற்கும் அதே கவனம்தான் வேண்டியிருக்கிறது.

ஒரு நேரத்தில் ஒரு வேலை, எது சரி என்று வாதாடாமல் எது பலன் தருமோ அதைச் செய்வது ஆகிய இரண்டையும் வகுப்பில் நிதானமாகக் கற்பீர்கள். இரண்டாவதைப் பற்றி மட்டும் ஒரு வார்த்தை. கணவர் ஒரு வரி பதில் போட்டிருக்கலாம் என்று நீங்கள் நினைத்தால் அது நியாயமான எதிர்பார்ப்புதான். முப்பது மெசேஜ் அந்த ஒரு வரியை வாங்கித் தருகிறதா என்பது தனிக் கேள்வி. நியாயம் உங்கள் பக்கம் இருக்கும் நாளில்தான் இந்தக் கேள்வியைக் கேட்பது ரொம்பக் கஷ்டம். உறவில் பேசும் திறன் பகுதி வரும்போது அந்த ஒரு வரியை அவரிடம் எப்படிக் கேட்டு வாங்குவது என்று கற்றுத்தருவார்கள்.

இந்த வாரம் ஒன்றே ஒன்று செய்யுங்கள். ஒரு நாளைக்கு இரண்டு முறை, எந்தச் சண்டையும் இல்லாத சாதாரண நேரத்தில், இரண்டு நிமிடம். பாத்திரம் கழுவும்போது தண்ணீர் கையில் படுவதைக் கவனிக்கலாம், மாடிப்படி ஏறும்போது பாதத்தைக் கவனிக்கலாம். மனம் ஓடிப்போகும். ஓடியது தெரிந்ததும் திரும்பி வாருங்கள். இருபது முறை ஓடினால் இருபது முறை திரும்புங்கள், அந்தத் திரும்புதல்தான் பயிற்சி, ஓடாமல் இருப்பது இல்லை. கொந்தளிப்பான நேரத்தில் முதல்முறையாக முயன்று பார்த்துவிட்டு 'வேலை செய்யவில்லை' என்று முடிவு கட்டாதீர்கள். நீச்சலை வெள்ளத்தில் யாரும் கற்பதில்லை.

ஒரு வருடமாக உங்களைக் காயப்படுத்திக்கொள்ளவில்லை என்பதை ஒற்றை வரியில் எழுதிவிட்டுக் கடந்துபோயிருக்கிறீர்கள். அது சின்ன விஷயம் இல்லை. அந்த உந்துதல் மறுபடி வந்தால், அல்லது உயிரோடு இருக்க வேண்டாம் என்ற எண்ணம் வந்தால், அடுத்த வகுப்பு வரை அதைச் சுமந்துகொண்டு இருக்காதீர்கள். டைரி கார்டில் எழுதிவிட்டோமே என்றும் இருந்துவிடாதீர்கள். செயலில் இறங்குவதற்கு முன்பே தெரபிஸ்டை அழையுங்கள், சிகிச்சையில் தொலைபேசி உதவி இருப்பது இதற்காகத்தான். அவர் கிடைக்கவில்லை என்றால் உங்கள் மருத்துவர், அருகில் உள்ள மருத்துவமனையின் அவசரப் பிரிவு, பக்கத்தில் இருக்கும் நம்பிக்கையான ஒருவர் என்று யாரிடமாவது உடனே போய்விடுங்கள். தனியாக இருக்க வேண்டாம்.

அடுத்த வகுப்பில் 'கண்ணை மூடிக்கொள்ளுங்கள்' என்று சொல்லும்போது, 'நான் திறந்தபடி செய்கிறேன்' என்று சொல்லிவிட்டுச் சாவியைக் கையில் எடுத்துக்கொள்ளுங்கள். மூன்று மாதம் கழித்து எனக்கு மறுபடி எழுதுங்கள். போன் எடுக்காத ஒரு மாலையில் எந்தக் கண்ணி வரைக்கும் உங்களால் பார்க்க முடிந்தது என்று தெரிந்துகொள்ள ஆசை.